மகாவித்துவான் பாடஞ்சொன்ன முறையும் அதன் பயனும்

திரிசிரபுரம் மகாவித்துவான் ஸ்ரீ மீனாட்சிசுந்தரம் பிள்ளையவர்கள் (1815 - 1876) இயற்றிய தலபுராணங்களும், அந்தாதிகளும், பிள்ளைத்தமிழ்களும், கோவைகளும், உலாக்களும் மிகப் பல. அவற்றை முற்றக் கற்பார் இக்காலத்து மிகச் சிலரே. சேக்கிழார் பிள்ளைத்தமிழ் போன்ற சிலவே அன்பர் நாவில் வழங்குவன. இதுகொண்டு, அப்பெரியாரின் உழைப்பு வீணாயிற்றென்றும், அவர் தம் மாணாக்கர்க்குப் பயிற்றிய கல்வி சொல்விளையாட்டளவில் நின்றதென்றும் கூறுவார் உளர். இக்கூற்று எத்துணை உண்மையுடைத்தென ஆராய்தல், சைவ மடங்கள் தமிழ் வளர்த்த வரலாற்றை மதிப்பிடப் புகுவார்க்கு இன்றியமையாததாம்.

இக்கூற்றினர் காட்டும் சான்று அயலார் எழுதியதன்று. பிள்ளையவர்களின் மாணாக்கருட் சிறந்தவராகிய மகாமகோபாத்தியாய டாக்டர் உ. வே. சாமிநாதையரவர்கள் தாமே 'என் சரித்திரம்' என்னும் நூலுள் எழுதிவைத்ததாகும். ஐயரவர்கள் 1880 ஆம் ஆண்டிற் கும்பகோணம் கல்லூரித் தமிழாசிரியராயினர். அவ்வாண்டு அக்டோபர்த் திங்களில், அந்நகர்க்கு முன்சீபாக வந்திருந்த சேலம் இராமசுவாமி முதலியாரைக் காணச் சென்றனர். முதலியார் யாரிடம் என்னென்ன பாடங் கேட்டீர் என வினாவினர். பிள்ளையவர்களின் பெயரையும், தாம் கற்ற அந்தாதி, பிள்ளைத்தமிழ், கோவை, புராணம், இலக்கணம் என்பவற்றையும் ஐயரவர்கள் அடுக்கிச் சொல்லினர். முதலியாரோ வியந்திலர். இவற்றாற் பயன் யாதென்று கேட்டு, சிந்தாமணி, சிலப்பதிகாரம், மணிமேகலை முதலியவற்றைக் கற்றதுண்டோ என்றனர். இல்லையென்பதே விடையாயிற்று. பின்னர் முதலியார் தம்மிடமிருந்த சிந்தாமணிப் பிரதியை அளித்ததும், அது 1887 இல் அச்சேறியதும் தமிழுலகம் அறிந்தனவே.

இந்நிகழ்ச்சியை மட்டும் எடுத்துக்கொள்வார், பழைய கல்வி அந்நாளொடு முடிந்ததென்றும், புதிய கண் ஒன்று திறந்ததென்றும் சொல்லி மகிழ்வர். முதலியாரின் பெருமை மறுக்கற்பாலதன்று. அவர் வினவாதிருப்பின் அவ்வேடு எந்நாள் வெளிப்பட்டிருக்குமென எவர் சொல்லவல்லார்? ஆயினும் ஈண்டு வேறொன்று நோக்கற்பாலது. முதலியார் கொடுத்தது ஏடு. அவ்வேட்டைப் படித்தற்கு வேண்டிய ஆற்றலை அவர் கொடுத்திலர். அது முன்னரே மாயூரத்திலும் திருவாவடுதுறையிலும் பெறப்பட்டிருந்தது.

அவ்வாற்றல் யாதெனின், காட்டுதும். பனையோலையிற் புள்ளி இடும் வழக்கில்லை. எகர ஏகாரங்களும் ஒகர ஓகாரங்களும் வேறுபாடின்றியே எழுதப்படும். ரகரமும் காலும் ஒன்றுபோலத் தோன்றும். சீரும் அடியும் பிரியாது ஓரொழுக்காகச் செல்லும். மூலம் எது, உரை எது என்பதும் பலவிடத்து விளங்காது. இத்தகைய எழுத்தொழுக்கை எதிர்கொள்வான் ஒருவன், ஒரு தொடரைப் பலவாறு பிரித்துப் பார்க்கும் பயிற்சி முன்னரே உடையனாயிருத்தல் வேண்டும். அப்பயிற்சியை அளிப்பன எவை? வீண் என்று பழிக்கப்பட்ட திரிபந்தாதியும் யமகவந்தாதியுமே. ஒரே எழுத்துவரிசை நான்கடியிலும் நான்கு பொருள்பட நிற்க, அதனை எவ்விடத்து வெட்டுவது, எவ்விடத்து ஒட்டுவது என்று இளமையிலே நாடோறும் பழகிய கண்ணுக்கு, ஓலையின் மயக்கம் புதியதாகத் தோன்றாது. பிள்ளையவர்கள் இதனைப் பதிப்பாசிரியரை உண்டாக்கும் கருத்தாற் செய்தார் அல்லர். எனினும் பயன் அவ்வாறு விளைந்தது.

யாப்புப் பயிற்சியும் அத்தன்மைத்தே. பிள்ளையவர்கள் செய்யுள் சொல்லிக்கொண்டே போக மாணாக்கர் எழுதுவர். அவ்வாறு எழுதிய கைக்குத் தளையும் எதுகையும் எண்ணாமலே புலனாம். ஏட்டில் ஓரெழுத்துச் சிதைந்தவழி, விழுந்தது நேரோ நிரையோ என்று செவியே சொல்லிவிடும். உரையாசிரியர் பெயர் சுட்டாது காட்டும் மேற்கோள்களை இன்ன நூலின என்று கண்டறிதற்கு நெட்டுருவாகிய பெருஞ் செய்யுட்டொகை நெஞ்சிலிருத்தல் வேண்டும். அகராதியும் சொல்லடைவும் இல்லாத காலத்தில் மாணாக்கன் நெஞ்சே அடைவாக நின்றது. இவ்வளவும் கூட்டி நோக்குவார்க்கு, சிந்தாமணியும், 1889 இல் வந்த பத்துப்பாட்டும், 1894 இல் வந்த புறநானூறும் மகாவித்துவானின் மாணாக்கர் வரலாற்றிற் சேர்த்தெண்ணத் தக்கன என்பது விளங்கும்.

அற்றேல், பிள்ளையவர்கள் அப்பழநூல்களைத் தாமே பாடஞ்சொல்லாமை குறையன்றோ எனின், குறையே. அதனை மறைத்தல் நடுவுநிலையாகாது. சிந்தாமணியின் நாமகளிலம்பகம் 1868 இலேயே அச்சாகியிருந்தது. அஃது அவர் வாழ்ந்த காலமேயாம். கோபாலகிருஷ்ண பாரதியாரிடம் ஐயரவர்கள் கற்றுவந்த இசையை நிறுத்தச் செய்ததும் பிள்ளையவர்களின் விருப்பமே. இசையிற் பழகின் இலக்கியக் கல்வி தளருமென்று அவர் கருதினர். தேவாரப் பண்களைக் காத்த மடங்களின் நிழலில் வாழ்ந்தவர்க்கு இக்கருத்துத் தோன்றியமை வியப்பே.

இனி, அவர் கல்வியின் வேறொரு பகுதி குறைகூறுவாராற் பேசப்படுவதில்லை. பிள்ளையவர்கள் இளமையில் ஒரே ஆசிரியரிடம் முறையாகக் கற்றவரல்லர். எவரிடம் எந்நூல் உண்டோ அவரைத் தேடிச்சென்று கேட்டவர். பிச்சையேற்றுத் திரிந்த பரதேசியார் ஒருவரைப் பின்தொடர்ந்து தண்டியலங்காரம் கேட்டது அவர் வரலாற்றிற் காணப்படுவது. இத்துணை வருந்திக் கற்றவர், தம்மை அடைந்தவரை அவ்வாறு வருந்தவிட்டிலர். கடன் தொல்லை நீங்காதிருந்தும் மாணாக்கர்க்கு உணவளித்துப் பாடஞ்சொன்னார். குலமும் சமயமும் வினவினாரல்லர். கிறித்தவராகிய சவேரிநாத பிள்ளையும், நாகூர்க் குலாம்காதிறு நாவலரும், அந்தணராகிய ஐயரவர்களும், தியாகராச செட்டியாரும் அவர்பாற் பாடங் கேட்டவரே. இவர்தாம் சைவ ஆதீன வித்துவானாய், சிவபத்தியிற் சிறிதும் தளராதவராய் விளங்கியவர் என்பதை உடன்வைத்து நோக்குக. 1876 பிப்ரவரித் திங்களில் திருவாவடுதுறையில் அவர் இறுதிநிலை எய்தியபொழுது, சவேரிநாத பிள்ளை தாங்கியிருக்க, ஐயரவர்கள் திருவாசகத்து அடைக்கலப்பத்தை ஓதினர்.

இவையனைத்தும் நமக்குத் தெரிதற்கு வாயிலாயிருப்பது, ஐயரவர்கள் 1933 இலும் 1934 இலும் இரண்டு பாகமாக வெளியிட்ட 'ஸ்ரீ மீனாட்சிசுந்தரம் பிள்ளையவர்கள் சரித்திர'மாகும். ஆசிரியர் மறைந்து ஐம்பத்தேழு ஆண்டு கழிந்தபின் மாணாக்கர் வெளியிடத் தொடங்கிய பெருநூல் அது. அந்நூல்மீதும் ஒன்று சொல்லவேண்டும். பிரபுக்களின் உபசாரமும், அரங்கேற்றங்களும், சிறப்புப் பாயிரங்களும் அதிலே பரந்து கிடக்கின்றன. பாடஞ்சொன்ன முறையோ அங்கங்கே சிதறிக் கிடக்கின்றது. செய்யுட்களின் தரத்தை எடைபோடும் முயற்சி அதில் இல்லை. அன்பு மிக்கவிடத்து எடைக்கோல் கையினின்று நழுவுதல் இயல்பு. ஆயினும் பிள்ளையவர்களின் வறுமையையும் கடனையும் அந்நூல் மறைத்திலது. புகழ்நூல் மட்டுமே எழுத விரும்பியவர் அவற்றை விட்டிருப்பர். ஆதலின் பாடமுறைபற்றி அது கூறுவனவற்றையும் நம்பத் தடையில்லை.

மடங்களின் பங்கினையும் இங்கே பிரித்துக் காண்டல் நன்று. பிள்ளையவர்களுக்குப்பின் ஐயரவர்களைத் தம்பால் இருத்திப் பாடஞ்சொன்னவர் மேலகரம் ஸ்ரீ சுப்பிரமணிய தேசிகரவர்கள். முதலியாரைச் சென்று காண்க என்று ஐயரவர்களைத் தூண்டினவரும் அவரே. பழையதும் புதியதும் பகைத்து நின்றன என்பார் இதனை ஏனோ கருதுவதில்லை. ஏடுகளும் மடங்களிலேயே காத்துவைக்கப்பட்டிருந்தன. குறிஞ்சிப்பாட்டில் மலர்ப்பெயர்கள் அடுக்கிவரும் பகுதி ஏடுகளிற் சிதைந்திருக்க, அதனைத் தந்து உதவியது தருமபுர ஆதீனத்து ஏடொன்றே.

தியாகராச செட்டியார் நூல்களால் அறியப்படுபவரல்லர். கும்பகோணம் கல்லூரியில் தாம் வகித்த பதவியினின்று நீங்குங்கால், அதனைத் தம்மோடு ஒருசாலை மாணாக்கராகிய ஐயரவர்களுக்கு வாங்கித் தந்தவர் அவர். பின்னாளிற் சென்னைத் திருவல்லிக்கேணியில் தமக்கென ஒரு வீடு வாய்த்தபொழுது ஐயரவர்கள் அதற்கு இட்ட பெயர் 'தியாகராச விலாசம்' என்பது.