காலத்தைத் துணியாக நெய்தவர்

வாசகர்களே, ஒரு கைத்தறித் துண்டை எடுத்துப் பாருங்கள். நீளவாக்கில் ஓடுவது பாவு. குறுக்கே ஓடுவது ஊடை. துண்டைக் கால் வட்டம் திருப்பிப் பிடித்தால் பாவு இருந்த திசையில் ஊடை வந்து நிற்கும். துணிக்கு அதனால் ஒரு குறையும் நேர்வதில்லை. இந்தச் சிறு சோதனையை மனத்தில் வைத்துக்கொண்டு, எச். ஜி. வெல்ஸ் 1895-இல் வெளியிட்ட 'கால யந்திரம்' நாவலின் முதல் அத்தியாயத்தைப் படியுங்கள்.

கதாநாயகருக்குப் பெயர் கிடையாது. 'காலப் பயணி' என்று மட்டுமே ஆசிரியர் குறிப்பிடுகிறார். லண்டனை அடுத்த ரிச்மண்டில் தம் வீட்டுக்கு வந்த விருந்தினர்களிடம் இந்த அறிஞர் ஒரு சிறு விரிவுரை நிகழ்த்துகிறார். நீளம், அகலம், உயரம் உள்ள ஒரு கனசதுரம் ஒரு கணமேனும் நிலைக்காவிட்டால் அது இருக்கிறது என்று சொல்ல முடியுமா? முடியாது. ஆகவே கால அளவு நான்காவது பரிமாணம். மூன்று இழைகளோடு நான்காவதாகக் காலத்தையும் சேர்த்து அவர் நெய்துவிடுகிறார். (நெசவு என்னும் உவமை என்னுடையது, வெல்ஸ் அப்படிச் சொல்லவில்லை.)

இந்த எண்ணம் வெல்ஸுக்கு முன்பே இருந்தது. பிரெஞ்சுக் கணிதர் தலாம்பேர் 1754-லேயே கலைக்களஞ்சியக் கட்டுரை ஒன்றில் இதைத் தொட்டிருக்கிறார். ஆயினும் வெல்ஸ் அதை விளக்கும் அழகுக்கு ஈடு குறைவு. பாரமானியின் வரைபடத்தை விருந்தினருக்கு நினைவூட்டுகிறார் பயணி. பாதரசம் நேற்று இவ்வளவு உயரத்தில் இருந்தது, இரவில் இறங்கியது, காலையில் ஏறியது. வளைந்து வளைந்து செல்லும் இந்தக் கோட்டைப் பாதரசம் எங்கே வரைந்தது? குழாய்க்குள் அது மேலும் கீழும்தானே போயிற்று! கோடு ஓடியது காலத்தின் திசையில். தொலைவு-நேர வரைபடம் கற்பிக்கும்போது என் வகுப்பில் நான் இதைத்தான் சொல்வது வழக்கம். பாடநூல் விளக்கத்தைவிட இது மாணவர் மனத்தில் நன்றாகப் பதிகிறது.

இனிக் குறைக்கு வருவோம். காலத்துக்கும் மற்ற மூன்று பரிமாணங்களுக்கும், நம் உணர்வு காலத்தின் வழியே நகர்கிறது என்பதைத் தவிர, வேறு வேற்றுமையே இல்லை என்கிறார் பயணி. இங்கேதான் தறியில் இழை அறுகிறது. ஐன்ஸ்டைன் 1905-இல் சிறப்புச் சார்பியலை வெளியிட்டார். 1908-இல் மிங்கோவ்ஸ்கி வெளியையும் காலத்தையும் உண்மையாகவே ஒன்றாக நெய்தார். ஒரு வினாடிக் காலம் அதில் ஏறத்தாழ 3 லட்சம் கிலோமீட்டர் வெளிக்குச் சமம். ஆனால் பிதகோரஸ் தேற்றத்தில் எல்லாம் கூட்டல் குறியாக இருக்க, மிங்கோவ்ஸ்கியின் வாய்பாட்டில் காலத்தின் வர்க்கமும் தொலைவின் வர்க்கமும் எதிரெதிர்க் குறி பெறுகின்றன. அந்த ஒரு கழித்தல் குறியால் இந்தத் துணியை நம் துண்டைப்போலத் திருப்ப முடிவதில்லை. எவ்வளவு வேகமாக ஓடினாலும் பாவு சற்றுச் சாயுமே தவிர, ஊடையாக மாறாது. பின்பக்கம் திரும்பவும் செய்யாது. 1895-இல் எழுதியவரிடம் 1908-இன் குறியை எதிர்பார்ப்பது நியாயமில்லைதான். ஆனால் இன்றும் காலவெளியைச் சாதாரணத் துணியாகவே நினைத்து, அதை மடிக்கலாம், கிழிக்கலாம் என்று எழுதுகிறவர்களுக்கு அந்தச் சலுகை கிடையாது.

இன்னொரு குறையை வெல்ஸ் அப்போதே தவிர்த்திருக்கலாம். பயணி ஒரு சிறு மாதிரி யந்திரத்தை மேசைமேல் வைத்து இயக்கச் செய்கிறார், அது மறைந்துவிடுகிறது. விருந்தினரில் ஒருவரான உளவியலார் சரியான ஐயத்தையே எழுப்புகிறார்: எதிர்காலத்துக்குச் சென்றிருந்தால் இடைப்பட்ட காலம் முழுவதும் அது இங்கேயே இருக்க வேண்டுமே? பிறகு, பாவம், அவரே சமாதானமும் சொல்லிக்கொள்கிறார். சுழலும் சக்கரத்தின் ஆரக்கால் கண்ணுக்குத் தெரியாததுபோல, யந்திரமும் தெரியவில்லையாம்.

நண்பர்களே, இது பொருந்தாத உவமை. ஆரக்கால் தெரியாததற்குக் காரணம் அது ஓரிடத்தில் நில்லாமல் இடம் மாறிக்கொண்டே இருப்பது. யந்திரமோ மேசையைவிட்டு நகரவில்லை. நமக்கு 60 வினாடி ஆகும்போது அதற்கு 1 வினாடி ஆகிறது என்றால், நம்முடைய அந்த 60 வினாடியும் அது அங்கேதான் இருக்கிறது. எதிர்காலத்துக்கு விரைவது என்பதன் பொருள், தன் கடிகாரம் மெதுவாக ஓடுவதுதான். வானில் சுமார் 15 கிலோமீட்டர் உயரத்தில் பிறக்கும் மியூவான் துகளின் சராசரி ஆயுள் 2.2 மைக்ரோ வினாடி. ஒளியின் வேகத்தில் வந்தாலும் அதற்குள் 660 மீட்டரே கடக்கலாம். ஆயினும் அவற்றில் ஏராளமானவை தரையை அடைகின்றன. 1971-இல் விமானத்தில் உலகைக் கிழக்கு நோக்கிச் சுற்றிய அணுக் கடிகாரங்கள், தரையில் இருந்தவற்றைவிடச் சுமார் 59 நானோ வினாடி பின்தங்கின. அந்தச் சொற்ப அளவுக்கு அவை எதிர்காலத்துக்குச் சென்றன என்றே கொள்ளலாம். வழியில் அவை மறையவில்லை.

ஆகவே காலப் பயணி தம் பெரிய யந்திரத்தில் ஏறி நெம்புகோலைத் தள்ளிய அந்தக் காலையில், ஆய்வுக்கூடத்துக்குள் எட்டிப் பார்ப்பவர் கண்ட காட்சி என்னவாக இருந்திருக்கும்? இருக்கையில் சிலைபோல் ஒரு மனிதர். பாதி மூடிய இமை, முழுதும் மூட எத்தனையோ ஆண்டுகள். அவருடைய 802701-ஆம் ஆண்டு வரும்வரை யாராவது அவர்மேல் படியும் தூசியைத் தட்டிக்கொண்டே இருக்க வேண்டியதுதான்.