பூனையும் பாற்கடலும்

பிறரை எள்ளி நகைத்தல் எளிது. தன் நூலை அந்நூலினுள்ளே நின்று நகைத்தல் அரிது. கம்பர் இராமாவதாரத்தின் அவையடக்கத்திலே இவ்வரிய நகையைக் கையாளுகின்றார். பாற்கடல் முழுவதையும் நக்கிக் குடிக்கப் புகுந்த பூனையோடு தம்மை ஒப்பிடுகின்றார்.

இந்நகை பிறப்பது எவ்வாறு? கடலின் பரப்பும் பூனையின் சிறுநாவும் ஒருங்கே மனக்கண்முன் தோன்றுதல் முதற் காரணம். ஆற்றலின்மையை ஆற்றல்மிக்க செய்யுளே கூறுதல் இரண்டாவது. பொருள் ஒன்று கூற, அதனைக் கூறிய திறம் அதனை மறுக்கின்றது. அம்முரணை உணர்ந்தோர் முறுவலிக்கின்றனர். மேலும், நிலத்திலே கோடு கீறி அறையும் அரங்கும் வகுக்கும் சிறுவரைத் தச்சர் சினவார் என்கின்றார். ஆகவே, குறைகூற எழும் புலவன் சிறுவரோடு பிணங்கும் தச்சனாகித் தானே நகைக்கு இலக்காகின்றான்.

எனினும், இஃது அவையை வெல்லும் உபாயம் மாத்திரமன்று. பூனை பேதைமையுடையதேனும் பாலின் சுவையை அறிந்தது. நகைக்கு இடமான அவ்வாசையே ஆறு காண்டங்களையும் பாடுவித்தது. பிற்காலத்தார் பலர் அவையடக்கத்தை மரபாகக் கொண்டனர், நகையைக் கொண்டிலர். ஆசையின்றித் தாழ்மை மாத்திரம் கூறுமிடத்து நகை பிறப்பதில்லை.