எல்லைக்கு அப்பால் சந்திரசேகர்

தமிழில் வானியற்பியலாளர் சந்திரசேகரைப் பற்றி வரும் கட்டுரைகள் பெரும்பாலும் 1930-களைத் தாண்டுவதில்லை. பத்தொன்பது வயது மாநிலக் கல்லூரிப் பட்டதாரி, இங்கிலாந்துக் கப்பல், வெண்குறு விண்மீனுக்கு ஒரு நிறை எல்லை, 1935-ல் எடிங்டன் செய்த கேலி, கடைசி வரியில் 1983-ன் நோபல் பரிசு. எனக்கு இதில் ஒரு குறை உண்டு. ஐம்பதுகளிலும் அறுபதுகளிலும் அவர் அசராமல் உழைத்தது பாய்மங்களில்: சூடேறும் நீர், காந்தப்புலத்தில் வைத்த பாதரசம், சுழலும் வாயுக் கோளம். சார்பியல் பாய்ம இயக்கவியல் என்ற துறையைச் சுற்றிப் பார்க்க வருபவர் அந்த உழைப்பைக் கடக்காமல் எங்கும் போக முடியாது. நாம் மட்டும் அதை விட்டுவிட்டோம்.

பெரிய காஞ்சிபுரத்தில் பட்டுக்குச் சாயம் ஏற்றும் பட்டறைகளில் நீர் கொதி வருவதைப் பார்த்தவர்களுக்குத் துறையின் முதல் பாடம் தெரியும். அடியில் சூடான நீர் லேசாகி எழும். மேலே ஆறியது இறங்கும். அந்தப் புரளல் எப்போது தொடங்கும்? மிதப்பு ஒரு பக்கம் தள்ள, பாகியலும் வெப்பக் கடத்தலும் மறுபக்கம் தடுக்க, இந்தப் போட்டியை ராலே எண் அளக்கிறது. அடி கெட்டியாகவும் மேற்பரப்பு திறந்தும் இருக்கும் மெல்லிய படலத்தில் அந்த எண் ஏறத்தாழ 1,100-ஐத் தாண்டினால் நீர் புரளும். சாயத் தொட்டியின் ஆழத்தில் ஒரு டிகிரி வித்தியாசத்துக்கே அது பல கோடி. ஆகவே தொட்டி நீர் சும்மா இருக்கும் பேச்சே இல்லை. அப்படியும் சாயம் சீராக ஏறவேண்டுமானால் சிட்டங்களைக் கழியில் மாட்டிப் புரட்டிக்கொண்டே இருக்க வேண்டியிருக்கிறது.

சந்திரசேகர் கேட்ட கேள்வி இதற்கு அடுத்தது. பாய்மத்தைச் சுழற்றினால் என்ன ஆகும்? மின்கடத்தும் பாய்மமாக இருந்து, காந்தப்புலமும் சேர்ந்தால்? இரண்டும் புரளலைத் தள்ளிப்போடும் என்று கணக்கிட்டுக் காட்டினார். சிகாகோவில் நாககாவா பாதரசத்தில் சோதித்துச் சரிபார்த்தார். எல்லாம் 1961-ல் அறுநூறு பக்கங்களுக்கு மேற்பட்ட நூலானது. அதற்கு ஓராண்டு முன் அவர் எழுதிய ஒரு சிறு கட்டுரை, இரண்டு உருளைகளுக்கு நடுவே சுழலும் பாய்மத்தைப் பற்றியது. வெளியே போகப் போகச் சுழற்சி வேகம் குறைந்தால், காந்தப்புலம் இல்லாதபோது நிலையாக இருக்கும் ஓட்டத்தைக்கூட ஒரு மெல்லிய காந்தப்புலம் குலைத்துவிடும். ரஷ்யாவில் வெலிகோவ் 1959-லேயே இதைக் கண்டிருந்தார். முப்பது ஆண்டுகள் யாரும் பெரிதாகச் சீந்தவில்லை. 1991-ல் பால்பஸும் ஹாலியும், கருந்துளையைச் சுற்றும் வாயுத் தட்டு ஏன் உள்ளே விழுகிறது என்ற பழைய புதிருக்கு விடை இதுதான் என்றார்கள்.

சார்பியல் உள்ளே வரும்போது பாய்மத்தின் குணமே மாறுகிறது. நியூட்டன் கணக்கில் அழுத்தம் விண்மீனைத் தாங்கும் கை. ஐன்ஸ்டைன் கணக்கில் அழுத்தத்துக்கும் ஈர்ப்பு உண்டு. தாங்கும் கையே பாரத்தையும் கூட்டுகிறது. குவாசர்கள் பேச்சாக இருந்த 1964-ல் சந்திரசேகர் இதன் விளைவைக் கணக்கிட்டார். நியூட்டன் விதிப்படி நிலைத்திருக்க வேண்டிய பெரும் வாயுக் கோளம், கருந்துளை ஆரத்தைவிடப் பல மடங்கு பெரிதாக இருக்கும்போதே சரியத் தொடங்கிவிடும். நிறை எல்லைக்கு இணையான கண்டுபிடிப்பு இது என்பேன். 

இதற்கு முன்பே, 1955-ல், கொல்கத்தாவில் அமல் குமார் ராய்சௌதுரி பாய்மத்தின் ஓட்டத்தை விரிவு, சறுக்கு, சுழற்சி என்று பிரித்து ஒரு சமன்பாடு எழுதியிருந்தார். பின்னாளில் பென்ரோஸ், ஹாக்கிங் ஆகியோரின் ஒருமைத் தேற்றங்கள் அதன்மேல் எழுந்தன.

1965 முதல் சந்திரசேகர் நியூட்டனின் பாய்மச் சமன்பாடுகளுக்குச் சார்பியல் திருத்தங்களைப் படிப்படியாகச் சேர்த்தார். 1970-ல் கிடைத்த முடிவு விசித்திரமானது. வேகமாகச் சுழலும் விண்மீனில், சுழற்சிக்கு எதிர்த்திசையில் ஓட முயலும் ஓர் அலையை விண்மீனே முன்னுக்கு இழுத்துச் செல்கிறது. அந்த அலை ஈர்ப்பு அலைகளாக ஆற்றலை இழக்கிறது. இழந்தால் அடங்க வேண்டும் அல்லவா? இங்கே இழப்பே அதை வளர்க்கிறது. ஃப்ரீட்மனும் ஷுட்ஸும் 1978-ல் இதைப் பொதுமைப்படுத்தினார்கள். இந்த வளர்ச்சியைத் தடுக்கக்கூடியது பாகியல்.

அங்கேதான் துறையின் முள் இருக்கிறது. பாகியலையும் வெப்பக் கடத்தலையும் சார்பியலோடு சேர்க்க எக்கார்ட் 1940-ல் ஒரு வழி சொன்னார். லண்டாவும் லிஃப்ஷிட்ஸும் இன்னொன்று. இரண்டிலும் ஓரிடத்துச் சலனம் ஒளியை முந்திக்கொண்டு மறு இடத்தை எட்டும். 1985-ல் ஹிஸ்காக்கும் லிண்ட்ப்லமும் இன்னும் சங்கடமான ஒன்றைக் காட்டினார்கள்: இவற்றுள் ஒரு கோட்பாட்டை நம்பினால், அறை வெப்பத்தில் அசையாமல் இருக்கும் சாதாரணத் தண்ணீரே ஏறத்தாழ 10⁻³⁴ வினாடியில் நிலைகுலைந்து போக வேண்டும். காஞ்சியின் குடத்துத் தண்ணீரைக் கேட்டால் சிரிக்கும். இஸ்ரேல், ஸ்டூவர்ட் இருவரும் எழுபதுகளின் இறுதிக்குள் வேறு பாதை போட்டிருந்தார்கள்: பாகியல் அழுத்தமும் வெப்ப ஓட்டமும் உடனே பதில் சொல்லாமல் சற்றுத் தாமதித்துச் சொல்லும். அந்தச் சிறு தாமதம் கோட்பாட்டைக் காப்பாற்றியது.

நெடுநாள் இது தாளில் நடந்த வழக்கு. 2005-ல் புரூக்ஹேவன் ஆய்வகத்தில் தங்க அணுக்கருக்களை மோதவிட்டவர்கள், வாயுவை எதிர்பார்த்த இடத்தில் திரவத்தைக் கண்டதாக அறிவித்தார்கள். வெப்பம் நான்கு லட்சம் கோடி டிகிரி. பாகியலை என்ட்ரோபிச் செறிவால் வகுத்தால் வரும் எண், இழைக் கோட்பாட்டிலிருந்து கோவ்துன், சோன், ஸ்டாரினெட்ஸ் ஊகித்த அடிமட்டத்துக்கு அருகில் நின்றது: இயற்கை அலகுகளில் 0.08.

2007 டிசம்பரில் மும்பை டாட்டா அடிப்படை ஆராய்ச்சி நிறுவனத்தின் சயந்தனி பட்டாச்சார்யா, ஷிராஸ் மின்வாலா இருவரும், டர்ஹமிலிருந்து ஹுபெனி, முகுந்த் ரங்கமணி இருவரும் சேர்ந்து ஈர்ப்பிலிருந்தே பாய்மத்தை வருவித்தார்கள். ஐந்து பரிமாண வெளியில் உள்ள கருந்துளையை மெல்ல அலைக்கழித்தால், ஐன்ஸ்டைன் சமன்பாடுகளே நான்கு பரிமாணப் பாய்மச் சமன்பாடுகளாக எழுந்து நிற்கின்றன, பாகியலோடு. இஸ்ரேலும் ஸ்டூவர்ட்டும் விட்டிருந்த உறுப்புகளும் அதில் இருந்தன. அதே டாட்டா நிறுவனத்தில் ஆர். லோகநாயகம் அடுத்த ஆண்டே இவ்வகைப் பாய்மங்களின் என்ட்ரோபி ஓட்டத்தை ஒழுங்குபடுத்தினார். அண்மைக்காலத்தில் பெம்ஃபிகா, டிஸ்கான்சி, நொரோன்யா, கோவ்துன் ஆகியோர், வெப்பத்தையும் திசைவேகத்தையும் வேறுவிதமாக வரையறுத்தால் பழைய எளிய வடிவமே தேறிவிடும் என்கிறார்கள். எக்கார்ட்டுக்கு ஆறுதல்.

சந்திரசேகர் தொடங்கிய திருத்தக் கணக்கு இன்னொரு கிளையாக வளர்ந்தது. பெங்களூரு ராமன் ஆராய்ச்சி நிறுவனத்தில் பாலா ஐயர் அதை ஈர்ப்பு அலைகளுக்கு எடுத்துச் சென்றவர்களுள் ஒருவர். அவரோடு உழைத்த கே. ஜி. அருண் இப்போது சென்னைக் கணிதவியல் கழகத்தில் இருக்கிறார். அது சிறுசேரியில், 2019 வரை காஞ்சிபுரம் மாவட்டம். 2017 ஆகஸ்ட் 17 அன்று இரண்டு நியூட்ரான் விண்மீன்கள் சுற்றி நெருங்கும் ஒலி நூறு வினாடிக்கு லைகோ முதலிய ஈர்ப்பு அலைக் கருவிகளில் கேட்டது. ஒன்றையொன்று இழுத்து எவ்வளவு நசுக்கின என்பதிலிருந்து அந்தப் பாய்மம் எவ்வளவு இறுக்கமானது என்று கணக்கிட முடிந்தது. மோதி ஒன்றான பிறகு நடந்தது மட்டும் பதிவாகவில்லை. அந்த அதிர்வு ஆயிரம் ஹெர்ட்ஸுக்கு மேலே இருக்கும். இன்றைய கருவிகளுக்கு அந்த உயரத்தில் காது போதாது. சார்பியல் பாகியலைச் சோதிக்க ஏற்ற இடங்களில் ஒன்று அதுதான். அத்தகைய இன்னொரு கருவியாக, 2023-ல் ஒப்புதல் கிடைத்த இந்திய லைகோ மகாராஷ்டிரத்தின் ஹிங்கோலியில் எழவிருக்கிறது.