ஓரிரவாகக் கோத்த பல இரவுகள்

ஈரானியத் திரைக்கலைஞர் அப்பாஸ் கியாரோஸ்தமி (1940–2016) 2003ஆம் ஆண்டில் உருவாக்கிய 'ஃபைவ்', ஐந்து குறும்படங்களின் கோவை. ஜப்பானிய இயக்குநர் யசுஜிரோ ஓசுவுக்குக் காணிக்கையாக்கப்பட்டது. கதையில்லை, உரையாடலில்லை. முதல் நான்கும் கடலோரத்துப் பகற்காட்சிகள். ஐந்தாவது மட்டும் இரவு. ஏறத்தாழ அரைமணி நேரம் நீளும் அப்பகுதியே தனித்து ஆராயத்தக்கது.

கண்ணுக்குக் கிடைப்பது மிகக் குறைவு. குளத்து நீரில் நிலவின் பிம்பம் நடுங்குகிறது. மேகம் மூடியதும் அதுவும் மறைந்து திரை முழுவதும் இருளாகிறது. அப்போது நிலக்காட்சியைத் தாங்கி நிற்பது நம் செவியே. தவளைகளின் இரைச்சல் குளத்தின் பரப்பை உணர்த்துகிறது. இடியும் மழையும் வந்து ஓய்கின்றன. மின்னல் நீர்ப்பரப்பை ஒரு நொடி காட்டி மறைக்கிறது. இறுதியில் சேவல் கூவ, பொழுது புலர்கிறது.

இரவுக்கு ஒரு பெயர் போதாதெனக் கருதியவர்கள் அரபு மொழி வல்லார். ஹிஜ்ரி 5ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் மறைந்த ஸஆலிபி, தமது 'ஃபிக்ஹுல் லுகா'வில் இரவின் 12 பொழுதுகளுக்கும் தனித்தனிப் பெயர் தருகிறார். கஸக், அதமா, ஸஹர் என நீளும் அவ்வரிசை, இருளின் அடர்த்தி மாறுவதைக் கூர்ந்து நோக்கிய கண்களின் சான்று. மின்னொளியில் வாழும் நமக்கு அவை அகராதிச் சொற்களாகிவிட்டன. அவற்றுக்குரிய அனுபவத்தை இப்படம் மீட்டுத் தருகிறது.

ஆனால் நாம் காண்பது ஓர் இரவன்று. பல இரவுகளில் பதிவான காட்சிகளை இணைத்து, ஒலிகளையும் தனியே அடுக்கி அமைத்த இரவு அது. இது பார்வையாளரை ஏமாற்றுவதாகாதா? ஆகாது என்பதே நம் முடிவு. இரவை இமைக்காமல் கண்டு முடித்தவர் எவருமிலர். ஸஆலிபி தொகுத்த பெயர்களும் ஓரிரவில் பிறந்தவையல்ல. தலைமுறைகள் விழித்திருந்த இரவுகளின் திரட்டு அவை. இணைத்ததில் பொய்யில்லை, இணைப்பு துருத்தித் தெரிந்தால்தான் குறை. தவளைகளின் ஒலி இசைக்குழுவினுடையது போன்ற ஒழுங்குடன் எழுந்தடங்கும் சில இடங்களில் அக்குறை உண்டு. அங்கே இரவு விலகி, கலைஞரின் கைத்திறனே முன்னிற்கிறது.

தம் படத்தின்போது ஒருவர் கண்ணயர்ந்தாலும் வருந்தாதவர் கியாரோஸ்தமி. எனினும் விளக்கெரியும் அறையில் இதைப் பார்ப்பவருக்கு வெறும் கருந்திரையே மிஞ்சும். விளக்கை அணைத்து, செவியைத் திறந்து வைப்பவருக்கே இந்த இரவு வசப்படும்.