பாஸ் கொடுக்காத ராஜபாளையம்

லண்டன் ரீஜென்ட்ஸ் பூங்கா. எஜமானையும் எதிரே வந்த பெண்ணையும் தன் கழுத்துவாராலேயே சுற்றிவளைத்துக் குளத்தில் தள்ளி, கல்யாணம் வரைக்கும் கொண்டுபோய் விடுகிறது ஒரு புள்ளிநாய். 1961-ல் டிஸ்னி எடுத்த ‘நூற்றியொரு டால்மேஷன்கள்’ படம். கால்பந்தில் இதற்குப் பெயர் அசிஸ்ட். 1994-ல் ‘ஹம் ஆப்கே ஹைன் கோன்’ படத்து நாய் டஃபி இன்னும் கெட்டி. காதலனுக்குப் போகவேண்டிய கடிதத்தை மாப்பிள்ளை கையில் கொடுத்து, தோற்ற ஆட்டத்தைக் கடைசி நிமிடத்தில் ஜெயித்துக் கொடுத்தது.

நம்மூர் நாய்க்கு இந்த இடம் வாய்க்கவே இல்லை. இரவில் தலைவியைப் பார்க்க வருகிறவனுக்கு என்னென்ன தடை என்று அகப்பொருள் இலக்கணம் சொல்லும்போது, தாய் துஞ்சாமையோடு நாய் துஞ்சாமையையும் சேர்த்திருக்கிறது. ஆக, நாய் நமக்கு அன்றைக்கே டிஃபென்ஸ் ஆட்டக்காரர். தூது போகும் வேலை பறவைகளுடையது. ஸ்ரீவில்லிபுத்தூரில் இன்றும் ஆண்டாள் கையில் தினம் புதிதாக உட்காருவது இலைகளால் கட்டி மாதுளம்பூ மூக்கு வைத்த கிளிதான்.

அங்கிருந்து பஸ் ஏறினால் கொஞ்ச நேரத்தில் ராஜபாளையம். அந்த ஊர் நாய்க்கு வெள்ளை உடம்பு, ரோஸ் மூக்கு. காட்டுப்பன்றி வேட்டைக்குப் பழகிய இனம். 2005-ல் அஞ்சல் தலையிலும் ஏறிவிட்டது. வளர்த்தவரைத் தவிர யாரையும் லேசில் நம்பாது. வேற்றாள் வாசலை மிதித்தால் வாலாட்டாது, முறைக்கும். இதைக் கடிதம் கொடுக்க அனுப்புவது கோல்கீப்பரை ஃபார்வர்டில் இறக்குகிற கதை. ‘நாய்கள் ஜாக்கிரதை’ (2014) படத்தில் சிபிராஜுக்குத் துணையாக ஒரு பெல்ஜியன் மாலினாயை, அதாவது வெளிநாட்டு வீரரை எடுத்தார்கள். நன்றாகவே ஆடியது.

இந்த வரிசையில் என் ஓட்டு ‘பரியேறும் பெருமாள்’ (2018) படத்து நாய் கருப்பிக்கு. இயக்குநர் மாரி செல்வராஜ் அதைத் தூதாகவும் விடவில்லை, காவலுக்கும் வைக்கவில்லை. நாயகி ஜோ கதைக்குள் வருவதற்கு முன்பே கருப்பியை ஆதிக்கச் சாதிக்காரர்கள் தண்டவாளத்தில் கட்டிக் கொன்றுவிடுகிறார்கள். குளத்தில் இறங்கியதற்கே இந்த விலை என்றால், அதே சாதி வீட்டுப் பெண்ணோடு பழகினால்? படம் அதைத் தனியாக விளக்கவில்லை; ஜோ சிரிக்கும்போதெல்லாம் நமக்கே வயிற்றைப் பிசைகிறது. கடைசியில் அடிபட்டுத் தண்டவாளத்தில் மயங்கிக் கிடக்கும் நாயகன் பரியனை எழுப்ப வருவதும் செத்துப்போன அதே கருப்பிதான். சில நிமிடமே திரையில் இருந்த ஒரு நாய் முழுப் படத்தையும் சுமந்தது.

ராஜபாளையத்துக்கு அப்படியொரு வேடம் இன்னும் பாக்கி. காதலன் காம்பவுண்டு சுவரேறும் ஒரு இரவுக்காட்சியை யாராவது ஒழுங்காக எழுதினால் போதும். வசனம்கூட வேண்டாம், குரைப்பை அது பார்த்துக்கொள்ளும்.