உட்கார்ந்துபோன பட்டை: மாருதி ஆம்னியின் பின்புறம்

மாருதி ஆம்னியின் பின்பாரத்தைத் தாங்குவது கமான் பட்டை. எஃகுத் தகடுகளை ஒன்றன்கீழ் ஒன்றாக அடுக்கி, நடுவே ஒரு போல்ட்டால் கோத்து, வில்லாக வளைத்த அமைப்பு அது. கமான் என்ற பாரசீகச் சொல்லுக்கே வில் என்றுதான் பொருள். இந்த வில்லை வைத்துக் கட்டிய மாட்டுவண்டியைத் தமிழில் வில்வண்டி என்றார்கள். 1984-இல் மாருதி வேனாக வந்து, 1988-இல் ஆம்னி என்று பெயர் மாறி, 2019-இல் உற்பத்தி நின்ற இந்த வண்டியின் மற்ற விவரங்கள் ஊரறிந்தவை. 796 சிசி, மூன்று சிலிண்டர், முன் இருக்கைக்கு அடியில் இன்ஜின், தள்ளித் திறக்கும் கதவு: தமிழ் சினிமாவில் ஆள் கடத்தும் காட்சி பார்த்தவர்களுக்கு இவற்றை விளக்க வேண்டியதில்லை. வேலைக்கு ஓடும் ஆம்னி ஒன்றோடு பவானியில் சில வாரம் பழகினால், மனதில் நிற்பது வேறொரு குணம். அந்த வண்டிக்குப் பின்புறம் உட்கார்ந்துவிடும்.

உட்கார்வதற்குக் காரணம் வண்டி செய்யும் வேலை. பவானியின் அடையாளம் ஜமக்காளம்; 2005-06-இல் புவிசார் குறியீடு பெற்றது. முரட்டுப் பருத்தி நூலில் நெய்த விரிப்பு பார்ப்பதற்குத் துணிதான். மடித்துக் கட்டாக்கினால் தூக்குகிறவரின் இடுப்பைக் கேட்கும். பின் இருக்கையைக் கழற்றிவிட்டு அந்தக் கட்டுகளை அடுக்கினால் எடை பெரும்பாலும் பின் அச்சில்தான் விழுகிறது. இன்ஜினும் ஓட்டுநரும் முன்பக்கம் இருப்பதால், காலி வண்டியில் பின்பட்டைக்குச் சுமை மிகக் குறைவு. ஏற்றிய வண்டியில் மிக அதிகம். இந்த இரண்டு நிலைக்கும் ஒரே பட்டை பொருந்த வேண்டும். அந்தியூர் சாலையின் வேகத்தடைகளும் அதற்கப்பால் பர்கூர் மலைப்பாதையின் வளைவுகளும் சேர்ந்துகொண்டால், வடிவமைத்தவர் எண்ணிப் பார்த்த வாழ்க்கையைவிடக் கடுமையான வாழ்க்கை அதற்கு வாய்க்கிறது. பின்னால் கேஸ் சிலிண்டர் பொருத்திய வண்டியில் நிரந்தரமாக ஒரு பாரம் உட்கார்ந்தே இருக்கும்.

பட்டைக்கு வேலை இரண்டு. எடையைத் தாங்குவது ஒன்று. பின் அச்சை அதன் இடத்தில் பிடித்துவைப்பது மற்றொன்று. ஆம்னியில் இன்ஜினின் விசை பின் அச்சுக்குத்தான் போகிறது. சக்கரம் முன்னோக்கித் தள்ளும் விசையும், பிரேக் போடும்போது பின்னுக்கு இழுக்கும் விசையும் பட்டை வழியாகத்தான் சேஸிஸைச் சேர்கின்றன. பட்டையின் முன்கண் சேஸிஸில் 'பின்' என்னும் இரும்பு முளையால் நிலையாகக் கோக்கப்பட்டிருக்கும். பின்கண் ஷாக்கிள் என்னும் ஊசல் துண்டில் தொங்கும். பாரம் ஏறி வில் நிமிரும்போது நீளம் கூடுவதால் அந்தப் பக்கம் அசைய இடம் வேண்டும். ஆகவே கண்கள் அமைந்த மேல்தகடு, பட்டறைகளில் மெயின் பட்டை என்று சொல்லப்படுவது, உடைந்தால் அச்சின் பிடிமானமே போய்விடும். மற்றத் தகடுகளில் விரிசல் கண்டால் வேலைக்கு நாள் குறிக்கலாம். மெயின் பட்டையில் கண்டால் வண்டியை அங்கேயே நிறுத்த வேண்டும்.

"பட்டை உக்காந்துருச்சுங்க" என்று பட்டறையில் சொல்வது முழு உண்மை. அதற்கு அடுத்ததாக வரும் "மெத்துனு ஆயிருச்சுங்க" என்பதுதான் பிழை. எஃகு எவ்வளவு பாரத்துக்கு எவ்வளவு வளையும் என்பதை அதன் மீள்தன்மையும் தகட்டின் அளவுகளும் தீர்மானிக்கின்றன. வயதானதால் அந்த மீள்தன்மை சொல்லத்தக்க அளவு குறைவதில்லை. அளவுக்கு மீறிய பாரம் பலமுறை ஏறியதால் வில் தன் பழைய வளைவுக்குத் திரும்பாமல் கொஞ்சம் நிமிர்ந்தே நின்றுவிடுகிறது. அதைத்தான் உட்கார்வது என்கிறோம். நல்ல பட்டை 100 கிலோவுக்கு 25 மி.மீ. இறங்கியது என்று வைத்துக்கொண்டால், உட்கார்ந்த பட்டையும் அதே 100 கிலோவுக்கு ஏறத்தாழ அதே 25 மி.மீ.தான் இறங்கும். இறக்கம் தொடங்கும் உயரம் மட்டும் தாழ்ந்திருக்கும். போனது உயரம், விறைப்பு போகவில்லை.

இந்த வேறுபாடு ஏட்டுக் கணக்கு அல்ல. அச்சுக்கும் சேஸிஸுக்கும் நடுவே அடிதாங்கும் ரப்பர் கட்டை இருக்கிறது. நல்ல நிலையில் அதற்குக் கீழே 8 செ.மீ. இடம் இருந்து, பட்டை 3 செ.மீ. உட்கார்ந்தால் மிச்சம் 5. பாரம் ஏறியதும் அதுவும் கரையும். பிறகு வரும் ஒவ்வொரு பள்ளத்திலும் அச்சு நேராக ரப்பரில் போய் இடிக்கும். அந்த இடியைக் கேட்கிறவர் பட்டை பலமிழந்துவிட்டது என்று முடிவு கட்டுகிறார். உண்மையில் அவர் கேட்பது இடம் தீர்ந்துபோன சத்தம்.

சோதனை சமதளத்தில் தொடங்க வேண்டும். வண்டி காலியாக இருக்க வேண்டும். நான்கு டயரிலும் காற்று சரியாக இருக்க வேண்டும். முன்னும் பின்னும் சில அடி உருட்டி நிறுத்த வேண்டும். பின்சக்கரத்தின் நடுப்புள்ளியிலிருந்து மேலே மட்கார்டின் விளிம்பு வரை டேப்பால் அளந்து, இரண்டு பக்கத்தையும் குறித்துக்கொள்ள வேண்டும். தரையிலிருந்து அளந்தால் டயரின் தேய்மானமும் கணக்கில் நுழைந்துவிடும். இரு பக்கத்துக்கும் அரை அங்குலத்துக்கு மேல் வேறுபாடு இருந்தால் தாழ்ந்த பக்கத்துப் பட்டையைச் சந்தேகிக்கலாம். இரண்டும் ஒரே அளவில் தாழ்ந்திருந்தால் டேப் காட்டிக்கொடுக்காது. அப்போது பட்டையின் ஒரு கண்ணிலிருந்து மறு கண்ணுக்கு நூல் பிடித்து, நடுவில் வில்லின் ஆழத்தைப் பார்க்க வேண்டும். காலி வண்டியில் வில் வில்லாகத் தெரிய வேண்டும். நூலும் தகடும் ஒட்டிக் கிடந்தாலோ, வில் எதிர்ப்பக்கம் வளைந்திருந்தாலோ வேறு சாட்சி தேவையில்லை. ரப்பர் கட்டையின் முகத்தில் பளபளப்பான இடித்தடம் இருந்தால் அது கூடுதல் சான்று. இரவில் காலி வண்டியின் முகப்பு விளக்கு எதிரே வருபவரின் முகத்தில் அடிப்பதும் இதே நோயின் அறிகுறி. பின்புறம் தாழ்ந்தால் மூக்கு தூக்கும்.

அடுத்தது விரிசல். கண்ணை ஒட்டிய வளைவிலும் நடு போல்ட்டின் துளையைச் சுற்றியும்தான் அது பெரும்பாலும் பிறக்கும். கம்பி பிரஷ்ஷால் தேய்த்து, மண்ணெண்ணெய் தடவி, நன்றாகத் துடைத்து, சாக்குக்கட்டித் தூள் தூவினால் விரிசலுக்குள் புகுந்த எண்ணெய் வெளியே கசிந்து தூளில் கோடு போடும். பழைய முறை, செலவில்லாதது, இன்றும் செல்லும். இருபக்கமும் முன்சக்கர நடுவிலிருந்து பின்சக்கர நடு வரை அளந்து பார்ப்பதும் அவசியம். ஒரு பக்கம் குறைந்திருந்தால் நடு போல்ட் அறுந்து அச்சு நகர்ந்திருக்கலாம். அப்படிப்பட்ட வண்டி நேர்சாலையிலும் நண்டுபோல் சற்றுக் கோணலாக ஓடும்.

சத்தங்களுக்கும் பொருள் உண்டு. மெதுவாகப் போகும்போது கட்டில் முனகுவதுபோல் கேட்டால், தகடுகளுக்கு நடுவே மண்ணும் துருவும் சேர்ந்து உராய்கின்றன அல்லது கண்ணின் ரப்பர் புஷ் காய்ந்துவிட்டது. கியர் மாற்றும்போதும் பிரேக் பிடிக்கும்போதும் 'டக்' என்று ஒரு தட்டு விழுந்தால் புஷ், ஷாக்கிள், பட்டையை அச்சோடு இறுக்கும் யூ போல்ட் ஆகிய மூன்றில் ஒன்று தளர்ந்திருக்கிறது. வேகத்தடையில் 'தொம்' என்றால் ரப்பர் கட்டை. வேகத்தடை தாண்டிய பிறகும் பின்புறம் இரண்டு மூன்று முறை ஊஞ்சலாடினால் குற்றவாளி ஷாக் அப்சார்பர். அதன் வேலை ஆட்டத்தை அடக்குவது. வண்டியைத் தூக்கி நிறுத்துவது அன்று. உட்கார்ந்த வண்டிக்குப் புது ஷாக் போட்டால் செலவு மட்டும் உயரும்.

நோய் உறுதியானால் வழி மூன்று: பட்டையைக் கழற்றி மறுபடி வளைப்பது, கூடுதலாக ஒரு தகடு சேர்ப்பது, புதுப் பட்டை போடுவது. முதலாவது முறையாகச் செய்யப்பட்டால் தவறில்லை. ஸ்பிரிங் எஃகு தன் குணத்தைப் பெறுவது வெப்பச் செயல்முறையில்: ஏறத்தாழ 850 முதல் 900 டிகிரி வரை சூடேற்றி, எண்ணெயில் தோய்த்து, மறுபடி மிதமான சூட்டில் பதப்படுத்த வேண்டும். வளைத்த பிறகு இவை எல்லாம் மறுபடி நடந்தால் வில் நிற்கும். சுத்தியலால் குளிர்நிலையில் தட்டி வளைத்துக் கொடுத்தால், சில மாதத்தில் வண்டி அதே இடத்தில் வந்து உட்காரும். விரிசல் விட்ட தகட்டை வெல்டிங் வைப்பது எல்லாவற்றிலும் மோசம். வெல்டிங்கின் சூடு அந்தப் பதத்தைக் கெடுத்துவிடும். பக்கத்திலேயே அடுத்த விரிசல் விழும்.

கூடுதல் தகடு சேர்ப்பதுதான் கொங்கு மண்டலத்துக்குப் பிடித்த வைத்தியம். சங்ககிரியும் நாமக்கல்லும் லாரிகளின் ஊர். ஏற்றிய பாரத்தோடுதான் பெரும்பாலும் ஓடும் லாரிக்கு ஒரு தகடு கூட்டுவதில் நியாயம் இருக்கிறது. ஆம்னி காலையில் கட்டுகளோடு போய் மாலையில் காலியாகத் திரும்பும் வண்டி. மூன்று தகடுள்ள பட்டையில் அதே அளவில் நான்காவது சேர்ந்தால் விறைப்பு மூன்றில் ஒரு பங்கு கூடுகிறது, 25 மி.மீ. இறங்கிய இடத்தில் 19-தான் இறங்கும். தகட்டின் தடிமன் கூடினால் இன்னும் கடுமை, ஏனெனில் தடிமன் 10 விழுக்காடு கூடும்போது அந்தத் தகட்டின் விறைப்பு 33 விழுக்காடு கூடுகிறது. பின்புறம் உயர்ந்து நிற்கும். பார்ப்பதற்கு நோய் தீர்ந்த மாதிரி இருக்கும். காலியாகத் திரும்பும் வழியில் பின்சக்கரங்கள் சாலையின் ஒவ்வொரு ஒட்டுக்கும் துள்ளும். மழைநாளில் பிரேக் பிடித்தால் வால் நழுவும். பின் இருக்கையில் இருப்பவருக்கு முதுகு நோகும். போன உயரத்தை மீட்பதற்காகக் குறையாத விறைப்பை மாற்றுவதில் வரும் வினை இது. வண்டிமேல் ஏற்றும் பாரம் நிரந்தரமாகக் கூடியிருந்தால் தகடு கூட்டலாம். பட்டை உட்கார்ந்ததற்காகக் கூட்டக் கூடாது.

ஆகவே மிஞ்சுவது புதுப் பட்டை, அதுவும் ஜோடியாக. ஒரு பக்கம் மட்டும் மாற்றினால் பழைய பக்கத்துக்கு வண்டி சாயும். பட்டையோடு கண்களின் புஷ்கள், ஷாக்கிள் புஷ்கள், யூ போல்ட்டுகள், நட்டுகள் எல்லாம் புதிதாக வாங்க வேண்டும். யூ போல்ட் இறுக்கும்போது சற்று நீண்டு பிடிப்பது. அதே போல்ட்டை மறுபடி இறுக்கினால் பழைய பிடிப்பு வராது.

முதல்நாள் இரவே நட்டுகளில் துரு இளக்கும் எண்ணெய் விட்டுவைத்தால் மறுநாள் பாதி வேலை மிச்சம். ஹேண்ட்பிரேக் பிடிப்பது பின்சக்கரங்களை. அவைதான் தரையிலிருந்து எழப்போகின்றன. எனவே முன்சக்கரங்களுக்கு முன்னும் பின்னும் கட்டை வைத்தாக வேண்டும். பின்புறத்தை ஜாக்கியால் தூக்கியதும் சேஸிஸுக்கு அடியில் இரும்பு ஸ்டாண்டுகள் நிறுத்த வேண்டும். செங்கல்லும் ஹாலோ பிளாக்கும் வீடு கட்டுவதற்கு உரியவை. ஓரத்தில் அழுத்தம் விழுந்தால் சொல்லாமல் நொறுங்கும். அச்சை மட்டும் தனி ஜாக்கியில் தாங்கி, ஷாக்கின் கீழ்முனையைக் கழற்றி, யூ போல்ட்டுகளை அவிழ்த்து, அச்சுக்கும் பட்டைக்கும் இடையிலான பிடியை விடுவிக்க வேண்டும். அச்சு பிரேக் குழாயில் தொங்காமல் பார்த்துக்கொள்வது முக்கியம். பிறகு ஷாக்கிள், கடைசியாக முன்கண்ணின் பின். அந்தப் பின் பல ஆண்டுத் துருவில் புஷ்ஷோடு ஒன்றாகிக் கிடக்கும். பொறுமை சோதிக்கப்படும் இடம் அதுதான்.

பொருத்துவது எதிர்வரிசையில். நடு போல்ட்டின் தலை, அச்சின் இருக்கையில் உள்ள துளையில் சரியாக உட்கார்ந்த பிறகே யூ போல்ட்டுகளைக் குறுக்குமறுக்காகச் சிறிது சிறிதாக இறுக்க வேண்டும். கண்களின் போல்ட்டுகளை மட்டும் அப்போது முழுதாக இறுக்கக் கூடாது. வண்டி தரையில் இறங்கித் தன் எடையில் நின்றபின் இறுக்க வேண்டும். தூக்கிய நிலையில் இறுக்கினால், ரப்பர் அந்த நிலையிலேயே பிடிபட்டு, இறங்கியதும் முறுக்கிக்கொள்ளும். புதுப் புஷ் சில மாதத்தில் கிழியும். அவசரப் பட்டறைகளில் தவறாமல் விடுபடும் படி இது.

மாற்றிய வாரத்தில் வண்டி வழக்கத்தைவிட உயரமாகத் தெரியும். புதுப் பட்டை தன் இடத்தைப் பிடிக்கக் கொஞ்சம் தணியும், அது இயல்பு. சில நூறு கிலோமீட்டர் ஓடியதும் யூ போல்ட்டுகளை மறுபடி இறுக்கி, சக்கர நடுவிலிருந்து விளிம்பு வரையிலான அளவை எழுதிவைக்க வேண்டும். அடுத்த முறை சந்தேகம் வந்தால் ஒப்பிடுவதற்கு அந்த எண்தான் உதவும். வாட்டர் சர்வீஸ் முடிந்ததும் வண்டியின் அடியில் கழிவு எண்ணெய் அடிக்கும் பழக்கத்தை அன்றோடு விட்டுவிடுவது நல்லது. எஃகுக்கு அது ஓரளவு காப்பு. இயற்கை ரப்பர் புஷ்ஷை ஊதவைத்துச் சொதசொதக்கச் செய்துவிடும்.

ஆம்னி விட்டுப்போன வேலையை இன்று செய்யும் மாருதி ஈகோ வேனின் பின்புறத்தில் கமான் பட்டை இல்லை. சுருள் ஸ்பிரிங்கும், அச்சைப் பிடிக்கத் தனி இணைப்புத் தண்டுகளும் உள்ளன. அளந்து பார்க்கும் முறை அதற்கும் இதுவே. ஆனால் சுருள் உட்கார்ந்தால் வளைக்கவும் முடியாது, தகடு கூட்டவும் முடியாது. ஜோடியாக மாற்றுவது மட்டுமே வழி.