உதவியாளர் ஸ்விலோவா

ஆசிரியனின் மரணம் பற்றி 1967இல் ரோலான் பார்த் எழுதியதை நாமும் வேண்டியமட்டும் பேசியாகிவிட்டது. ஆசிரியராக ஒருபோதும் இருக்கவிடப்படாத ஒருத்திக்கு அந்த மரணத்தில் என்ன பங்கு என்பதுதான் என் கேள்வி.

ஜிகா வெர்த்தோவின் 'மூவி கேமராவுடன் ஒரு மனிதன்' (1929) என்றாலே எல்லோரும் அதன் படத்தொகுப்பைத்தான் சிலாகிக்கிறார்கள். பெயர் அட்டையில் வெர்த்தோவ் ஆசிரியர், சோதனையின் நெறியாளர். தம்பி மிகயில் காஃப்மன் தலைமை ஒளிப்பதிவாளர். எலிசவேத்தா ஸ்விலோவா படத்தொகுப்பு உதவியாளர். யாருக்கு உதவி? தொகுப்பாளர் என்று வேறு பெயரே அங்கே கிடையாது.

ஆனால் படம் வேறொன்றைச் சொல்கிறது. ஓடுகிற குதிரை சட்டென்று உறைந்துபோகிறது. குழந்தைகளின் முகங்கள் அசையாத சட்டகங்களாகக் கிடக்கின்றன. அப்போது ஸ்விலோவா வருகிறார். பிரித்து அடுக்கிப் பெயரொட்டிய சுருள்கள் நிறைந்த அலமாரி, ஒளியூட்டிய மேசை, கத்தரி. அவர் கைபட்ட பிறகே அந்த முகங்கள் சிரிக்கின்றன. பெயர் அட்டை அமைத்த படிநிலையைப் பிரதியே இங்கே கட்டவிழ்த்துவிடுகிறது என்று வாசிக்கிறேன். தைக்கிற பெண்களையும் ஃபிலிம் ஒட்டுகிற ஸ்விலோவாவையும் படம் மாற்றிமாற்றிக் காட்டும். விமர்சகர்கள் இதை அழகான உருவகம் என்று சொல்லிவிட்டு நகர்ந்துவிடுகிறார்கள். உருவகமாவது ஒண்ணாவது! வெட்டுவது, ஒட்டுவது, வகைபிரிப்பது எல்லாம் அன்றைய ஸ்டுடியோக்களில் பெரிதும் 'பொம்பளை வேலை'. 1900இல் பிறந்த ஸ்விலோவாவும் சிறு வயதிலேயே அந்த வேலைக்குப் போனவர்தான்.

'லெனினைப் பற்றி மூன்று பாடல்கள்' (1934) படத்துக்காக ஆவணக் கிடங்குகளைத் துழாவி லெனின் பதிவுகளைக் கண்டெடுத்தவர் இவர். 1945இல் ஆஷ்விட்ஸ் முகாம் பற்றிய ஆவணப்படத்தை இயக்கினார். வெர்த்தோவோ அதற்கு வெகுமுன்பே ஓரங்கட்டப்பட்டிருந்தார். 1954இல் அவர் இறந்த பிறகு கட்டுரைகள், நாட்குறிப்புகள், கடிதங்கள் எல்லாவற்றையும் 1975இல் தான் சாகும்வரை ஸ்விலோவா காத்துவைத்தார். 1966இல் வெர்த்தோவின் எழுத்துகள் ரஷ்ய மொழியில் நூலாயின. நாம் மேற்கோள் காட்டுகிற வெர்த்தோவ் பெரிதும் அங்கிருந்து வந்தவர்தான். ஆக, அவர் கடைசியாகத் தொகுத்தது ஓர் 'ஆசிரியனை'.

இதனால் ஸ்விலோவாதான் அசல் ஆசிரியர் என்று பீடம் மாற்றச் சொல்லவில்லை. பீடம் அப்படியேதானே இருக்கும். எந்த வெட்டு யாருடையது என்று பிரித்துப் பார்ப்பதும் நடக்காத காரியம். எனக்கு உறுத்துவது வேறு. வெர்த்தோவ், காஃப்மன், ஸ்விலோவா சேர்ந்த 'மூவர் குழு', தனிக் கலைஞன் என்ற பூர்ஷ்வா கற்பிதத்தைத் தாக்கி அறிக்கைகள் விட்டது. அதே மூவர் பெயர் அட்டைக்கு வந்தபோது ஒருவர் ஆசிரியர், ஒருவர் தலைமை, அந்தப் பெண் மட்டும் உதவி. இதைப் பாலினம் என்கிற சொல் இல்லாமல் எப்படி விளக்குவீர்கள், தோழர்களே?